பழைய போனில் மோட் வாட்ஸ்அப் போடலாமா? அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

"இந்த போனில் வாட்ஸ்அப் இனி இயங்காது" என்று ஒருநாள் திரையில் அறிவிப்பு வந்து நிற்கும். போனில் வேறு குறை எதுவும் இருக்காது. பேசினால் கேட்கும், படம் எடுக்கும், பேட்டரிகூட அரை நாள் தாங்கும். அந்த நேரம் பார்த்து யாராவது ஒருவர், "ஜிபி வாட்ஸ்அப் போட்டுக்கோ, எல்லா போனிலும் ஓடும்" என்று ஒரு லிங்க்கை அனுப்பி வைப்பார். சொந்தக்காரர்கள், நண்பர்கள் போன்களைச் சரிபார்த்துக் கொடுக்கும்போது என்னிடம் திரும்பத் திரும்ப வந்த கேள்விகளை இங்கே பதிலோடு எழுதி வைத்திருக்கிறேன்.

அதிகாரப்பூர்வமற்ற செயலி என்று எதைச் சொல்கிறீர்கள்?

மூன்று வகையான செயலிகளை இந்த ஒரே பெயரில் சொல்கிறார்கள். முதல் வகை மோட். அசல் செயலியின் ஏபிகே கோப்பை (ஆண்ட்ராய்டில் செயலியை நிறுவும் கோப்பு) யாரோ பிரித்து, தங்களுக்கு வேண்டியதை உள்ளே சேர்த்து, மறுபடி கட்டி வெளியிடுவது. ஜிபி வாட்ஸ்அப், எஃப்எம் வாட்ஸ்அப், யோ வாட்ஸ்அப், வாட்ஸ்அப் பிளஸ் எல்லாம் இந்த வகை. இரண்டாவது வகை வெறும் போலி. பெயரும் சின்னமும்தான் அசல் மாதிரி இருக்கும், உள்ளே விளம்பரமோ வைரஸோ இருக்கும். மூன்றாவது, டெலிகிராம் போல வெளியாரும் செயலி எழுதிக்கொள்ள அனுமதி தரும் சேவைகளில் வேறொருவர் எழுதித் தரும் செயலி. அதைப் பற்றித் தனியாகப் பின்னால் சொல்கிறேன்.

ப்ளே ஸ்டோருக்கு வெளியே கிடைத்தாலே மோட் என்று நினைத்துவிட வேண்டாம். வாட்ஸ்அப், டெலிகிராம், சிக்னல் மூன்றுமே தங்கள் சொந்த இணையதளத்தில் ஏபிகே கோப்பைத் தருகின்றன. அது அசல்தான். முதலில் பார்க்க வேண்டியது அதை யார் கட்டினார்கள் என்பதை.

என் போன் பழையதா இல்லையா என்று எப்படிப் பார்ப்பது?

செட்டிங்ஸில் கடைசியாக இருக்கும் 'போனைப் பற்றி' என்ற பகுதிக்குப் போங்கள். ஆண்ட்ராய்டு பதிப்பு எண் இருக்கும். அதற்குப் பக்கத்திலேயே 'பாதுகாப்பு பேட்ச்' (ஓட்டைகளை அடைக்கும் திருத்தம்) என்று ஒரு தேதி இருக்கும். போனை எந்த வருஷம் வாங்கினீர்கள் என்பதைவிட இந்தத் தேதிதான் முக்கியம். அது இரண்டு வருஷத்துக்கு மேல் பின்தங்கி நின்றால், தயாரித்த கம்பெனி அந்த மாடலைக் கைவிட்டுவிட்டது என்றே வைத்துக்கொள்ளுங்கள். அப்படி ஒரு வரியே இல்லையென்றால் அநேகமாக அது ஆண்ட்ராய்டு 6க்கு முந்தைய போன். அதாவது 2015ஆம் வருஷத்துக்கோ அதற்கு முன்னாலோ உரிய மென்பொருள்.

நன்றாக இருக்கும் போனை வாட்ஸ்அப் ஏன் கைவிடுகிறது?

இது ரொம்ப நாளாக நடப்பதுதான். நோக்கியா எஸ்40 போன்களுக்கு 2018 டிசம்பர் 31 கடைசி நாள். விண்டோஸ் போனுக்கு 2019 டிசம்பர் 31. ஆண்ட்ராய்டு 2.3.7 வரை உள்ளவற்றுக்கு 2020 பிப்ரவரி 1. 2021 நவம்பரில் 4.1க்குக் கீழே இருந்தவை போயின, 2023 அக்டோபர் 24இல் 5.0க்குக் கீழே இருந்தவை போயின. 2025 மே மாதம் ஐபோனில் ஐஓஎஸ் 15.1 வேண்டும் என்று ஆனது. ஐபோன் 5எஸ், 6, 6 பிளஸ் அத்தோடு நின்றன.

பழைய இயங்குதளத்தில் புதிய பாதுகாப்பு வசதிகள் இல்லை, ஒவ்வொரு பதிப்பையும் அதில் சோதித்துப் பார்க்க ஆளும் நேரமும் வேண்டும் என்பது அவர்கள் பக்கத்து நியாயம். அது உண்மைதான். ஆனால் அந்தக் கணக்கில் கழித்துவிடப்படுவது, புது போன் வாங்க முடியாமல் இருப்பதை வைத்து ஓட்டுகிறவர்கள். மோட் பக்கம் போகிறவர்களைத் திட்ட எனக்கு மனம் வருவதில்லை. வேறு வழி தெரியாமல்தான் போகிறார்கள்.

மோட் போட்டால் அந்தப் பிரச்சினை தீருமா?

கொஞ்ச நாளைக்குத் தீர்ந்த மாதிரி இருக்கும். மோட் என்பது அசல் வாட்ஸ்அப்பின் ஏதோ ஒரு பதிப்பை எடுத்து ஒட்டுப்போட்டதுதானே? பேசுவது அதே வாட்ஸ்அப் சர்வரோடுதான். அந்தப் பக்கம் ஏதாவது மாறினால் மோடும் நின்றுபோகும். உடனே அதைச் செய்தவர் அடுத்த பதிப்பை வெளியிடுவார், நீங்கள் மறுபடி ஏதோ ஒரு தளத்தில் போய் இறக்க வேண்டும். ஒவ்வொரு முறையும் முகம் தெரியாத ஒருவரை முதலிலிருந்து நம்ப வேண்டும். போன தடவை ஒழுங்காக இருந்தது என்பதற்காக இந்தத் தடவையும் அப்படியே இருக்கும் என்று சொல்ல முடியாது.

நன்றாகத்தானே ஓடுகிறது? மெசேஜ் எல்லாம் என்கிரிப்ட் ஆகிறது என்று திரையிலேயே போட்டிருக்கிறதே?

இதற்குக் கொஞ்சம் நீளமாகப் பதில் சொல்ல வேண்டும், பொறுத்துக்கொள்ளுங்கள்.

2016 ஏப்ரலிலிருந்து வாட்ஸ்அப்பில் எல்லாச் செய்திகளும் உங்கள் போனில் பூட்டப்பட்டு, பெறுகிறவர் போனில்தான் திறக்கும். நடுவில் வாட்ஸ்அப் கம்பெனியே படிக்க முடியாது. சரி, பூட்டுவதும் திறப்பதும் யார்? உங்கள் கையில் இருக்கும் செயலி. சாவியும் அதனிடம்தான் இருக்கிறது. நீங்கள் கடிதம் எழுதும்போதே தோளுக்குப் பின்னால் நின்று ஒருவர் படித்துக்கொண்டிருந்தால், அப்புறம் உறையில் எத்தனை அரக்கு முத்திரை குத்தினாலும் என்ன பயன்? மோட் செயலியில் அந்த இடம், பெயர் தெரியாத ஒருவர் கையில் இருக்கிறது.

இது சும்மா பயமுறுத்துவது இல்லை, நடந்திருக்கிறது. 2021 ஆகஸ்டில், எஃப்எம் வாட்ஸ்அப்பின் 16.80.0 பதிப்பில் ட்ரயாடா என்ற ட்ரோஜன் (நல்ல செயலிக்குள் ஒளிந்து வரும் தீநிரல்) இருப்பதை காஸ்பர்ஸ்கி என்ற ஆன்டிவைரஸ் நிறுவனம் கண்டுபிடித்தது. விளம்பரம் காட்டுவதற்காகச் சேர்த்த ஒரு துண்டு நிரலோடு அது உள்ளே வந்திருந்தது. உள்ளே உட்கார்ந்துகொண்டு வேறு தீநிரல்களை இறக்கும், உங்களுக்குத் தெரியாமலே காசு பிடிக்கும் சந்தாக்களில் சேர்த்துவிடும். அந்தச் சந்தாவை உறுதிசெய்ய வரும் எஸ்எம்எஸ்ஸை எப்படிப் படித்தது என்றால், எஸ்எம்எஸ் பார்க்க அந்த மோடுக்கு நீங்களே அனுமதி கொடுத்திருந்தீர்கள்.

அடுத்த வருஷம், 2022 அக்டோபரில் யோ வாட்ஸ்அப். அதன் 2.22.11.75 பதிப்பு, கணக்கில் நுழையத் தேவையான சாவிகளையே எடுத்து வெளியே ஒரு சர்வருக்கு அனுப்பியது. அந்தச் சாவி கிடைத்தால் உங்கள் பெயரில் உட்கார்ந்து யாரோடு வேண்டுமானாலும் பேசலாம். அதே மாதம், மோட் செயலிகளை வைத்துப் பத்து லட்சத்துக்கு மேற்பட்ட வாட்ஸ்அப் கணக்குகளைத் திருடியதாகச் சொல்லி வாட்ஸ்அப்பின் தாய் நிறுவனமான மெட்டா சில கம்பெனிகள் மீது வழக்குப் போட்டது.

என்னை அதிகம் உலுக்கியது 2023 நவம்பரில் வெளிவந்தது. டெலிகிராம் சேனல்கள் வழியாகப் பரவிய சில வாட்ஸ்அப் மோட்களில் கேனஸ்ஸ்பை என்ற வேவு நிரல் இருந்தது. போனை ஆன் செய்தாலோ சார்ஜில் போட்டாலோ அது விழித்துக்கொள்ளும். முதலில் ஐஎம்இஐ எண் (போன் கருவியின் அடையாள எண்), போன் நம்பர் போன்றவற்றை அனுப்பும். பிறகு தொடர்புப் பட்டியலையும் கணக்கு விவரங்களையும் கொஞ்ச நேரத்துக்கு ஒருமுறை அனுப்பிக்கொண்டே இருக்கும். உத்தரவு வந்தால் கோப்புகளை எடுத்துத் தரும், மைக்கைத் திறந்து பதிவு செய்யும். ராத்திரி தூங்கப் போகும் முன் தலைமாட்டில் சார்ஜரைச் செருகுகிறோமே, அந்த நொடியில். இத்தனைக்கும் செயலி நன்றாகவே ஓடிக்கொண்டிருக்கும். ஓடாவிட்டால் நீங்கள் அழித்துவிடுவீர்கள் அல்லவா?

மோட் எந்த போனிலும் ஆபத்துதானே? பழைய போனை மட்டும் ஏன் தனியாகச் சொல்கிறீர்கள்?

புது போனில் ஒரு கெட்ட செயலி நுழைந்தாலும் அதைத் தடுக்க வரிசையாகக் கதவுகள் இருக்கின்றன. பழைய போன் வந்த காலத்தில் அவற்றில் பாதி கண்டுபிடிக்கப்படவே இல்லை.

எங்கள் சித்தியின் பழைய ஆண்ட்ராய்டு 4.4 போனில் ஒரு மோட் ஏபிகேயைத் திறந்தபோது வந்த திரையை அப்படியே சொல்கிறேன். ஒரு நீண்ட பட்டியல். எஸ்எம்எஸ் படிக்கலாம், அனுப்பலாம். தொடர்புகளைப் பார்க்கலாம். ஒலி பதிவு செய்யலாம். இருப்பிடம் அறியலாம். போன் ஆன் ஆனதும் தானாக இயங்கலாம். கீழே 'அடுத்து' என்ற பட்டன். அதைத் தட்டத் தட்டப் பட்டியல் நகர்கிறது, கடைசியில் அதே பட்டன் 'நிறுவு' என்று மாறுகிறது. எஸ்எம்எஸ் மட்டும் வேண்டாம் என்று சொல்ல அந்தத் திரையில் இடமே இல்லை. முழுப் பட்டியலுக்கும் சம்மதம், இல்லையென்றால் செயலி இல்லை. ஒவ்வோர் அனுமதியையும் தனித்தனியாகக் கேட்கும் முறை ஆண்ட்ராய்டு 6இல்தான் வந்தது.

'அறியாத மூலங்கள்' என்ற சுவிட்சும் அப்படித்தான். ஆண்ட்ராய்டு 8க்கு முன்னால் போன் முழுவதுக்கும் அது ஒன்றே ஒன்று. மோட் போடுவதற்காக அதை ஆன் செய்துவிட்டு மறந்துபோனால், அதற்கப்புறம் எந்தச் செயலி எந்த ஏபிகேயைக் கொண்டுவந்து நீட்டினாலும் போன் தடுக்காது. நான் பார்த்த போன்களில் அதைத் திரும்ப ஆஃப் செய்தவர்கள் ரொம்பக் குறைவு.

அடுத்து, கையொப்பம். ஒவ்வொரு செயலியையும் கட்டியவர் ஒரு டிஜிட்டல் கையொப்பம் போட்டிருப்பார். அது மாறினால் பழையதன் மேல் புதியதை ஆண்ட்ராய்டு ஏற்றாது. மோட் போடும்போது அசல் வாட்ஸ்அப்பை முதலில் அழிக்கச் சொல்வதும், இல்லாவிட்டால் வேறு பெயரில் பக்கத்தில் வந்து உட்காருவதும் இதனால்தான். 2017 டிசம்பரில் ஜேனஸ் என்ற ஓட்டை வெளியே தெரிந்தது. ஆண்ட்ராய்டு 5.0 முதல் 8.0 வரை, பழைய முறையில் கையொப்பமிட்ட செயலிக்குள் கையொப்பம் கெடாமலே வேற்று நிரலைச் செருக முடிந்தது. அதற்கான பேட்ச் அந்த மாதமே வந்துவிட்டது. அந்தப் பேட்ச் போய்ச் சேராத போன்கள்தான் நாம் இங்கே பேசிக்கொண்டிருக்கும் போன்கள்.

2015 ஜூலையில் தெரியவந்த ஸ்டேஜ்ஃபிரைட்டையும் சேர்த்துக்கொள்ளுங்கள். வீடியோ, ஆடியோ கோப்புகளைக் கையாளும் பகுதியில் இருந்த ஓட்டை. சரியாகத் தயாரித்த ஒரு எம்எம்எஸ் வந்து சேர்ந்தாலே போதும் என்ற நிலை. சுமார் 95 கோடி ஆண்ட்ராய்டு போன்கள் அதற்கு ஆளாகக்கூடியவை என்று கண்டுபிடித்தவர்கள் கணக்குச் சொன்னார்கள். கிளிப்போர்டு விஷயமும் உண்டு. ஆண்ட்ராய்டு 10க்கு முன்னால், நீங்கள் காப்பி செய்த பாஸ்வேர்டைப் பின்னணியில் ஓடும் எந்தச் செயலியும் எட்டிப் பார்க்கலாம்.

எல்லாவற்றையும்விட மோசம், செயலி என்ற எல்லையைத் தாண்டி ரூட் அதிகாரம், அதாவது போன் முழுவதையும் ஆளும் அதிகாரம், பிடிப்பது. எக்ஸ்ஹெல்ப்பர் என்ற தீநிரல் 2019, 2020இல் பலரைப் பாடுபடுத்தியது. ஃபேக்டரி ரீசெட் செய்து போனைப் புதிதாக வாங்கியபடி ஆக்கினாலும் திரும்ப வந்துவிடும். ஆண்ட்ராய்டு 6, 7 போன்களில் ட்ரயாடாவின் உதவியோடு ரூட் பிடித்து, ரீசெட் தொடாத சிஸ்டம் பகுதியிலேயே போய் ஒளிந்துகொண்டதுதான் காரணம். அதே ட்ரயாடா குடும்பம்தான் எஃப்எம் வாட்ஸ்அப்பிலும் இருந்தது என்பதை மறக்க வேண்டாம். பழைய போன், மோட் செயலி என்று தனித்தனியாக நான் எழுதாமல் சேர்த்து எழுதுவது இதனால்தான்.

என் போனில் திருடுவதற்கு என்ன இருக்கிறது?

இதை அடிக்கடி கேட்கிறார்கள், அதுவும் வயதானவர்கள் மனதாரக் கேட்கிறார்கள். பேங்க் ஓடிபி அந்த போனுக்குத்தான் வருகிறது. ஈமெயில் பாஸ்வேர்டை மாற்றக் கோட் வருவதும் அதே நம்பருக்குத்தான். அதைவிட, உங்கள் பெயருக்கு ஒரு மதிப்பு இருக்கிறது. "அவசரம், கொஞ்சம் பணம் அனுப்பு, அப்புறம் பேசுறேன்" என்று உங்கள் படத்தோடு உங்கள் நம்பரிலிருந்து மெசேஜ் போனால், உங்களை நேசிக்கிறவர்கள் யோசிக்காமல் அனுப்பிவிடுவார்கள்.

இன்னொன்றும் இருக்கிறது. உங்கள் போனில் இருப்பது உங்களுடையது மட்டும் இல்லை. தோழி அழுதுகொண்டு அனுப்பிய வாய்ஸ் மெசேஜ், அண்ணன் அனுப்பிய மருத்துவ ரிப்போர்ட், குழந்தைகளின் படங்கள். அவர்கள் எல்லாரும் அசல் செயலியில், பாதுகாப்பாக இருக்கிறது என்று நம்பி அனுப்பினார்கள். உங்கள் பக்கம் மோட் இருப்பது அவர்களுக்குத் தெரியாது, தெரிந்துகொள்ளவும் வழி இல்லை.

லட்சக்கணக்கானவர்கள் வைத்திருக்கிறார்கள். ஆன்டிவைரஸும் எதுவும் காட்டவில்லையே?

இறக்கும்போது சுத்தமாக இருக்கலாம். ட்ரயாடா மாதிரியானவை உள்ளே வந்த பிறகுதான் மற்றதை இறக்குகின்றன. நிறுவும்போது ஒருமுறை சோதித்தால் அது தெரியாது. கூகுளின் ப்ளே ப்ரொடெக்ட் சோதனையும் கூகுள் ப்ளே சேவைகளை நம்பித்தான் இருக்கிறது. அந்தச் சேவைகளுக்கு ஆண்ட்ராய்டு 4.4இல் வந்த அப்டேட் 2023லேயே நின்றுவிட்டது.

ப்ளே ஸ்டோரில் இருந்தால் கண்ணை மூடிக்கொண்டு போடலாமா?

ரொம்பப் பாதுகாப்பான இடம் அதுதான். ஆனாலும் ஒருமுறை உற்றுப் பாருங்கள். 2017 நவம்பரில் 'அப்டேட் வாட்ஸ்அப் மெசஞ்சர்' என்ற போலி அங்கேயே பத்து லட்சத்துக்கு மேல் இறக்கப்பட்டது. வெளியிட்டவர் பெயர் எழுத்துக்கு எழுத்து அசல் கம்பெனியின் பெயர் மாதிரியே இருந்தது. பெயரின் கடைசியில் கண்ணுக்குத் தெரியாத ஒரு வெற்று எழுத்து மட்டும் கூடுதலாக ஒட்டியிருந்தது. பூதக்கண்ணாடி வைத்துப் பார்த்தாலும் பிடிபடாது.

2023 ஆகஸ்டில் ஈசெட் என்ற ஆன்டிவைரஸ் நிறுவனம் 'சிக்னல் பிளஸ் மெசஞ்சர்' என்ற செயலியைப் பற்றி எழுதியது. அதுவும் ப்ளே ஸ்டோரில் இருந்ததுதான். சிக்னலில் கணக்கை இன்னொரு கருவியோடு இணைக்கும் வசதி இருக்கிறது அல்லவா, அதைப் பயன்படுத்தி உங்கள் கணக்கை எதிராளியின் கருவியோடு சத்தமில்லாமல் இணைத்துவிடும். பெயரில் 'பிளஸ்', 'ப்ரோ', 'அப்டேட்' என்று வால் ஒட்டியிருந்தால் நான் தொடுவதே இல்லை.

மோட் வேண்டாம், அசல் வாட்ஸ்அப்பின் பழைய ஏபிகேயை எடுத்துப் போட்டால்?

முதலில், அதை எங்கே எடுப்பீர்கள்? மறுபடி யாரோ ஒருவரின் தளத்தில்தான். அசலாகவே இருந்தாலும், வாட்ஸ்அப்பின் ஒவ்வொரு பதிப்புக்கும் காலாவதித் தேதி உண்டு. அது தாண்டினால் 'அப்டேட் செய்' என்று கேட்டு நின்றுவிடும். சிலர் போனின் தேதியைப் பின்னால் தள்ளி வைத்து ஏமாற்றப் பார்க்கிறார்கள். தேதி தப்பானால் இணையதளங்களின் பாதுகாப்புச் சான்றிதழ்கள் ஒத்துப்போகாது. பிரவுசர் ஒவ்வொரு தளத்திலும் எச்சரிக்கும், அதைத் தட்டித் தட்டித் தள்ளிவிடும் பழக்கம் வந்துவிடும். அந்தப் பழக்கம்தான் பிற்பாடு ஆளை விழுத்தாட்டும்.

பழைய பதிப்பிலேயே ஓட்டைகளும் உண்டு. 2019 மே மாதம் வெளியே வந்த ஓட்டையில், ஒரு வாட்ஸ்அப் கால் வந்தால் போதும், எடுக்கக்கூட வேண்டாம், வேவு மென்பொருள் உள்ளே வந்துவிடும். சுமார் 1,400 பேரை அப்படிக் குறிவைத்திருந்தார்கள். அதைச் சரிசெய்த அப்டேட்டை வேண்டாம் என்று தள்ளிவிட்டு அதற்கு முந்தையதைத் தேடிப் போட வேண்டாம்.

கணக்கைத் தடை செய்வார்களா?

செய்வார்கள். 2015 ஜனவரியிலேயே வாட்ஸ்அப் பிளஸ் பயன்படுத்தியவர்களை 24 மணி நேரம் வெளியே நிறுத்தினார்கள். முதலில் தற்காலிகத் தடை, அதற்குப் பிறகும் அசலுக்கு மாறாவிட்டால் நிரந்தரத் தடை என்பது வழக்கம். நிரந்தரத் தடையில் அந்த நம்பரில் வாட்ஸ்அப்பே இயங்காது. "தடை வராத பதிப்பு" என்று மோட் தளங்கள் விளம்பரம் செய்வதை நம்பாதீர்கள்.

மோடில் இருக்கும் வசதிகள் அசலில் இல்லையே?

முன்பு இல்லை. ஆன்லைனில் இருப்பதை மறைக்கும் வசதி 2022இல் வந்தது. ஒரு சாட்டை மட்டும் பூட்டி வைக்கும் சாட் லாக் 2023 மே மாதம். ஒரே போனில் இரண்டு நம்பர் வைக்கும் வசதி 2023 அக்டோபர். ப்ளூ டிக்கை மறைப்பது அதற்கெல்லாம் முன்பிருந்தே இருக்கிறது. மற்றவர் அழித்த மெசேஜைப் படிக்கும் வசதி மட்டும் அசலில் வராது. வரவும் கூடாது என்பது என் கருத்து. அவர் வேண்டாம் என்றுதானே அழித்தார்?

டெலிகிராம், சிக்னல் மோட்களும் இதே கதைதானா?

டெலிகிராமில் விஷயம் கொஞ்சம் வேறு. வெளியார் செயலி எழுத அந்த நிறுவனமே கதவு திறந்து வைத்திருக்கிறது. மூல நிரலை எல்லாரும் பார்க்கும்படி வைத்து, பல வருஷமாகப் பராமரிக்கிற நல்ல செயலிகளும் உண்டு. ஆனால் அதே கதவு வழியாகத் திருடர்களும் வருகிறார்கள். காப்பி செய்த கிரிப்டோ முகவரியை, ஒட்டும்போது தங்கள் முகவரியாக மாற்றிவிடும் போலி டெலிகிராம்களை 2023 மார்ச்சில் ஈசெட் கண்டுபிடித்தது. இன்னொன்று, டெலிகிராமில் சாதாரண சாட் எண்ட்-டு-எண்ட் முறையில் (மேலே சொன்னபடி பெறுகிறவர் போனில் மட்டும் திறக்கும்படி) பூட்டப்படுவதில்லை, ரகசிய சாட்டுக்கு மட்டும்தான் அது. சிக்னலில் அசலையே போடுங்கள்.

ஏற்கெனவே போட்டுவிட்டேன். இப்போது என்ன செய்வது?

பதற வேண்டாம். ஆனால் இன்றைக்கே செய்துவிடுங்கள்.

முதலில் வேறொரு நம்பகமான போனையோ கணினியையோ எடுத்துக்கொண்டு, அதிலிருந்து ஈமெயில், பேங்க் பாஸ்வேர்டுகளை மாற்றுங்கள். பழைய போனிலிருந்து மாற்றினால் புது பாஸ்வேர்டும் அங்கேயே மாட்டிக்கொள்ளும். நிறையப் பேர் இந்த இடத்தில்தான் சறுக்குகிறார்கள்.

பிறகு மோடில் சாட் பேக்கப் எடுங்கள். படங்களைத் தனியாக ஒரு மெமரி கார்டுக்கு நகர்த்துங்கள். மோடின் பேக்கப்பை அசல் வாட்ஸ்அப் ஏற்றுக்கொள்ளும் என்பதற்கு உத்தரவாதம் கிடையாது. முக்கியமான சாட்களை 'எக்ஸ்போர்ட்' செய்து எழுத்துக் கோப்பாக ஈமெயிலுக்கு அனுப்பி வைத்துக்கொள்வது நல்லது. அடுத்து மோடை அழித்துவிட்டு, அசல் ஓடக்கூடிய போனில் உங்கள் நம்பரைப் பதிவு செய்யுங்கள். அப்படிச் செய்ததும் மோடில் இருந்த கணக்கு தானாக வெளியேறிவிடும். உள்ளே போனதும் முதல் வேலையாக 'இணைக்கப்பட்ட சாதனங்கள்' பட்டியலைப் பாருங்கள், தெரியாதது எதுவும் இருந்தால் வெளியேற்றுங்கள். இரண்டாவது வேலை, 'இருபடிச் சரிபார்ப்பு' பின் எண்ணை வையுங்கள். அதை வைத்துவிட்டால் ஓடிபி மட்டும் தெரிந்தவர் உங்கள் நம்பரை வேறு போனில் பதிவு செய்ய முடியாது.

'அறியாத மூலங்கள்' சுவிட்சை ஆஃப் செய்யுங்கள். செயலிகள் பட்டியலில் நீங்கள் போடாதது எதுவும் இருக்கிறதா என்று பாருங்கள். முடிந்தால் ஃபேக்டரி ரீசெட் செய்யுங்கள். ரீசெட்டுக்கு அப்புறமும் தானாக விளம்பரம் வருகிறது, புதுச் செயலிகள் முளைக்கின்றன என்றால், எக்ஸ்ஹெல்ப்பர் மாதிரி ஏதோ சிஸ்டத்துக்குள்ளேயே இருக்கிறது. அந்த போனில் சிம் போடவே வேண்டாம்.

உங்களோடு பேசுகிறவர்களிடமும் ஒரு வார்த்தை சொல்லிவிடுங்கள். "என் நம்பரிலிருந்து பணம் கேட்டு மெசேஜ் வந்தால் கூப்பிட்டுப் பேசிவிட்டு அனுப்புங்கள்" என்றால் போதும். சித்திக்கு அதைச் சொல்லக் கூச்சமாக இருந்தது. நானே உட்கார்ந்து ஒவ்வொருவருக்கும் போன் போட்டுக் கொடுத்தேன். ஒருவர்கூட அவரைக் குறை சொல்லவில்லை.

ஐபோனில் இந்தப் பிரச்சினை இல்லையா?

குறைவு. ஜெயில்பிரேக் செய்தாலோ (ஆப்பிள் போட்ட பூட்டுகளை உடைப்பது), ஏதோ ஒரு 'ப்ரொஃபைல்' அல்லது சான்றிதழை நம்பச் சொல்லி வெளிச் செயலி போட வைத்தாலோ அங்கேயும் இதே கதைதான்.

புது போன் வாங்க இப்போது வசதி இல்லை. வேறு வழி?

இருக்கிறது. வாட்ஸ்அப்புக்கு நம்பர்தான் முக்கியம், சிம் அதே கருவியில் இருக்க வேண்டும் என்பது 2025 வரை இல்லை. சிம் அதே கருவியில் இருக்க வேண்டும் என்று இந்தியாவில் 2025 நவம்பரில் அரசு உத்தரவு வந்தது, அதனால் இப்போது என்ன நிலை என்று முதலில் பார்த்துக்கொள்ளுங்கள். சிம் பழைய போனிலேயே இருக்கட்டும், பதிவுக் கோட் அதில் வரட்டும். வீட்டில் சும்மா கிடக்கும் புதிய டேப்லெட்டிலோ வேறு போனிலோ அந்தக் கோடைப் போட்டு அசல் வாட்ஸ்அப்பைத் திறக்கலாம். வீட்டில் ஒருவரிடம் ஓரளவு புதிய ஆண்ட்ராய்டு இருந்தால், மேலே சொன்ன இரண்டு நம்பர் வசதியில் உங்கள் கணக்கையும் அதிலேயே வைத்துக்கொள்ளலாம். அந்தரங்கம் கொஞ்சம் குறையும்தான். ஆனாலும் அது வீட்டு மனிதரோடு போகும்.

பழையதாக ஒரு போன் வாங்குவதானால், கேமராவையும் பளபளப்பையும் விட்டுவிட்டு முதலில் அந்தப் பாதுகாப்பு பேட்ச் தேதியைப் பாருங்கள். ஐந்து வருஷத்துக்கு முன் வந்த ஓரளவு நல்ல மாடல், போன வருஷம் வந்த பெயர் தெரியாத மாடலைவிட நன்றாகப் பராமரிக்கப்பட்டிருக்கலாம். ஓரளவு கைப்பழக்கம் உள்ளவர்கள் லினியேஜ்ஓஎஸ் போன்ற மாற்று இயங்குதளத்தை ஏற்றிப் பழைய போனுக்குப் புது ஆண்ட்ராய்டு தருவதுண்டு. அதற்கு பூட்லோடரை (போன் ஆன் ஆகும்போது இயங்குதளத்தை ஏற்றும் பகுதி) திறக்க வேண்டும், சில பேங்க் செயலிகள் அதில் ஓடாது. தெரியாமல் இறங்க வேண்டாம்.

எதுவுமே சரிப்படவில்லையா? சாதாரண போன் காலும் எஸ்எம்எஸ்ஸும் இருக்கின்றன. எஸ்எம்எஸ் பூட்டப்பட்டது இல்லை, ஆனால் உங்கள் மைக்கைத் திறந்து யாரும் கேட்டுக்கொண்டிருக்க மாட்டார்கள்.

அப்படியென்றால் பழைய போனைத் தூக்கிப் போட்டுவிட வேண்டுமா?

தேவையில்லை. சிம்மை எடுத்துவிட்டு, எல்லாக் கணக்குகளையும் வெளியேற்றி, ரீசெட் செய்து வையுங்கள். பாட்டுக் கேட்க, அலாரம் வைக்க, கார்டில் ஏற்றிய படம் பார்க்க நன்றாகவே உழைக்கும். பேட்டரி மட்டும் உப்பியிருக்கிறதா என்று பின் மூடியைத் தடவிப் பாருங்கள். உப்பியிருந்தால் சார்ஜ் போடாமல், மின்கழிவு சேகரிக்கும் இடத்தில் கொடுத்துவிடுங்கள்.